ஆலை மூடிய பின் வீட்டில் வழங்கும் சொற்கள்: இரு திரைப்படங்களும் தமிழாக்கச் சிக்கலும்

முன்னுரை

கொச்சிப் பெருநகரின் மேற்கே, உப்பங்கழிக் கரையில் மட்டாஞ்சேரி அமைந்துள்ளது. கிழக்கு விளிம்பில் காக்கநாடு. மிளகும் சுக்கும் கயிறும் மட்டாஞ்சேரிப் பண்டகசாலைகளிலிருந்து கடல் கடந்து சென்ற காலத்தில் காக்கநாடு வெறும் ஊர்ப்புறமாகவே இருந்தது. பின்னர் 1980களில் ஏற்றுமதி மண்டலமும் 2004இல் இன்ஃபோபார்க் என்னும் கணினித் தொழில் வளாகமும் அங்கு எழுந்தன. துறைமுகச் சரக்கு மூட்டைகளிலிருந்து இரும்புப் பெட்டகங்களுக்கு மாறியது. 2011இல் வல்லார்பாடத்தில் பெட்டக முனையம் தொடங்கப் பெற்றது. தோளில் மூட்டை சுமந்த தொழில் இவ்வாறு ஒரே நாளில் வீழாமல் மெல்ல மெல்லத் தேய்ந்தது. பழைய வணிகக் கட்டடங்களுக்கும் புதுப் பயன் வந்தது. 1867இல் தோன்றிய ஆஸ்பின்வால் நிறுவனத்தின் கடலோர வளாகத்தில் 2012 முதல் கொச்சி-முசிறிஸ் பியனாலே என்னும் கலைக்கண்காட்சி நடைபெற்று வந்திருப்பதை இதற்குச் சான்றாகக் காட்டலாம்.

தொழில் சரிந்த பின் உழைப்பாளர் குடும்பம் என்னவாகிறது என்னும் வினாவை இந்திய வட்டார மொழித் திரைப்படங்கள் சில எழுப்பியுள்ளன. அவற்றுள் இரண்டினை இக்கட்டுரை எடுத்துக்கொள்கிறது. ஒன்று, மகேஷ் மஞ்ச்ரேக்கர் இயக்கி 2010இல் வெளிவந்த 'லால்பாக் பரள்' என்னும் மராத்திப் படம். இஃது இந்தியிலும் உடன் உருவாக்கப்பெற்றது. மற்றொன்று, ராஜீவ் ரவி இயக்கி 2023இல் திரைக்கு வந்த 'துறமுகம்' என்னும் மலையாளப் படம். முன்னது சரிவுக்குப் பின் நிகழ்வது. பின்னது சரிவுக்கு முன், மட்டாஞ்சேரித் துறைமுகம் உழைப்பால் நிறைந்திருந்த காலத்துக்குப் பின்னோக்கிச் செல்வது. இரண்டையும் 'குடும்பக் கதை' என வகைப்படுத்துவது எளிது. தமிழாக்குவோர் அவ்வாறே கருதி, உறவுச் சொற்களைப் பேணி, தொழிற்சொற்களை 'வேலை', 'தொழிற்சாலை', 'போராட்டம்' என்னும் பொதுச்சொற்களால் நிரப்பிவிடின் படத்தின் பொருளே திரிந்துவிடும் என்பது இக்கட்டுரையின் கருத்து. ஆலையும் துறையும் போன பின்னும் அவற்றின் சொற்கள் வீட்டுக்குள் தங்கிவிடுகின்றன. அச்சொற்களே இப்படங்களில் இழப்பின் அளவைக் காட்டுவன.

சாப்பாவும் வில்லையும்

மட்டாஞ்சேரித் துறையில் அன்றாட வேலைக்கு ஆள் எடுத்த முறை 'சாப்பா' எனப்பட்டது. வேலை தேடிக் கூடி நிற்கும் கூட்டத்தின் நடுவே ஒப்பந்தக்காரரின் ஆள் உலோக வில்லைகளை வீசி எறிவான். அடித்துப் பிடித்துக்கொண்டு அதனைப் பொறுக்கியெடுத்தவனுக்கு அன்று வேலை உண்டு. மற்றவர் வெறுங்கையுடன் திரும்ப வேண்டியதுதான். இம்முறைக்கு எதிராக எழுந்த போராட்டத்தின்போது 1953 செப்டம்பர் 15 அன்று காவல்துறை துப்பாக்கிச் சூடு நடத்தியது. அப்போராட்டத்தில் உயிர் நீத்த மூவரை அவ்வூர் இன்றும் நினைவுகூர்கிறது. கே.எம். சிதம்பரன் இதனை நாடகமாக எழுதினார். அவர் மகன் கோபன் சிதம்பரன் அதனைத் திரைக்கதையாக்கினார்.

'சாப்பா' என்னும் சொல் முத்திரை, அச்சு என்னும் பொருளில் வட இந்திய மொழிகளில் வழங்கும் 'சாப்' என்பதனோடு உறவுடையது. இன்றைய மலையாளத்தில் 'சாப்ப குத்துக' என்றால் ஒருவர் மீது இழிபெயர் ஒன்றை ஒட்டிவிடுதல் என்று பொருள். இவ்வழக்கு துறைமுகத்திலிருந்து பிறந்தது எனக் கூறவியலாது. முத்திரை குத்துதல் என்னும் மூலப்பொருளே இதற்குப் போதுமானது. ஆயினும் படத்தைக் காணும் மலையாளியின் செவியில் இரு பொருளும் ஒருங்கே ஒலிக்கும். வில்லையைப் பொறுக்கியவன் வேலை பெற்றவன் மட்டுமல்லன். முத்திரை குத்தப்பெற்றவனும் ஆவான்.

தமிழில் இதற்கு நேரான சொல் 'வில்லை' எனத் தோன்றும். பித்தளை வில்லை என்பது வடிவத்தைத் துல்லியமாகக் காட்டுகிறது. ஆனால் தமிழ் வழக்கில் 'வில்லைச் சேவகன்' என்றொரு தொடர் உண்டு. அலுவலகத்தில் வில்லை அணிந்து நிற்கும் ஏவலர் நிலையான வேலையும் சிறு அதிகாரமும் உடையவர். அவர் மார்பில் உள்ள வில்லை அவர் வேலையை இழக்கமாட்டார் என்பதற்கு அடையாளம். மட்டாஞ்சேரியின் வில்லையோ இன்று கிடைத்தது நாளை கிடைக்கும் என்பதற்கு எவ்வகை உறுதியும் இல்லாதது. ஆகவே வடிவம் ஒத்து, சமூகப் பொருள் தலைகீழாக நிற்கிறது. 'டோக்கன்' என்பது ஆலைத் தொழிலாளர் வழக்கிலும் நியாயவிலைக் கடை வரிசையிலும் பயின்று வரும் சொல், பொருளளவில் நெருக்கமானது. எனினும் டோக்கன் வரிசையை நினைவூட்டுகிறது. சாப்பாவின் கொடுமை வரிசையின்மையில் உள்ளது. முதல் முறை 'சாப்பா' என்றே வைத்து, வீசுதலும் பொறுக்குதலும் ஆகிய வினைகளைத் தமிழில் அழுத்தமாக அமைப்பதே தக்கது என்பது என் கருத்து. அடிக்குறிப்பால் தீர்க்க முடியாததை வினைச்சொல் தீர்த்துவிடும்.

ஒத்த ஒலியும் ஒவ்வாப் பொருளும்

மலையாளத்திலிருந்து தமிழுக்குப் பெயர்ப்போர்க்கு ஒலி ஒற்றுமையே பெரும் இடர். படத்தின் பெயர் 'துறைமுகம்' என எளிதில் தமிழாகிவிடுகிறது. அவ்வெளிமை 'சமரம்' என்னும் சொல்லில் மொழிபெயர்ப்பாளரைக் கைவிடுகிறது. மலையாளத்தில் வேலைநிறுத்தம், உரிமைப் போராட்டம் எல்லாம் சமரமே. அன்றாடச் செய்தித்தாள் சொல் அது. தமிழில் 'சமர்', 'சமரம்' என்பன போரைக் குறிப்பன. இலக்கிய மணம் உடையன. கூலித் தகராற்றைச் 'சமர்' எனப் பெயர்த்தால் மூட்டை சுமப்போர் வாளேந்திய மறவராகிவிடுவர். 'பணி' என்பதும் இத்தகையதே. மலையாளத்தில் அது கைவேலை, கூலிவேலை. தமிழில் அலுவலகமும் தொண்டும் அதனைத் தமக்காக எடுத்துக்கொண்டுவிட்டன. 'பணிக்குச் சென்றான்' என்று தமிழில் எழுதினால், சாப்பா பொறுக்கச் சென்றவன் ஏதோ அரசு அலுவலகத்துக்குச் சென்றவன் போல் ஆகிறான்.

உறவுச் சொற்களில் நிலைமை வேறு. பாத்தும்மா என்னும் தாய் (பூர்ணிமா இந்திரஜித்), மொய்து, ஹம்சா என்னும் மக்கள், முன் தலைமுறையைச் சார்ந்த மைமு ஆகியோர் மட்டாஞ்சேரி இசுலாமியக் குடும்பத்தினர். அவர்தம் 'உம்மா', 'வாப்பா' ஆகியவற்றை 'அம்மா', 'அப்பா' என மாற்றுவதற்குத் தேவையே இல்லை. காயல்பட்டினம் முதலிய தமிழகக் கடற்கரை ஊர்களிலும் இலங்கை முசுலிம்களிடத்தும் இச்சொற்கள் இன்றும் வழங்குகின்றன. உள்நாட்டுப் பகுதிகளில் பெருகிய 'அத்தா'வை இட்டால் கடற்கரைச் சாயல் போய்விடும். மூத்தோனை அழைக்கும் மலையாள 'இக்கா'வுக்குக் கடற்கரைத் தமிழில் 'காக்கா' உண்டு. ஆனால் பிற பகுதித் தமிழர் அதனைக் கேட்டு நகைக்கக் கூடும். அந்நகைப்புக்கு அஞ்சி 'அண்ணே' என்று போடும் உரையாடலாசிரியர் ஒரு முழுக் கடற்கரையையே படத்திலிருந்து அப்புறப்படுத்துகிறார். மட்டாஞ்சேரியில் தமிழும் ஒரு வாழும் மொழி. அண்டையில் உள்ள ஃபோர்ட் கொச்சியின் சலவைத்துறையில் உழைக்கும் வண்ணார் குடியினர் தமிழரே. கொங்கணியும் குஜராத்தியும் உருதுவும் அவ்வாறே அங்கு வழங்குகின்றன. இத்தகைய ஊரின் படத்தைச் சென்னைப் பேச்சில் மட்டும் கேட்பது பொருந்தாது.

படத்தைப் பற்றிய மதிப்பீடு ஒன்றும் இங்குக் கூறவேண்டியுள்ளது. கருப்பு வெள்ளையில் அமைந்த தொடக்கப் பகுதி, சாப்பா முறையின் இயல்பைப் பேச்சு குறைவாகவும் உடலசைவு மிகுதியாகவும் காட்டுகிறது. இதுவே படத்தின் சிறந்த பகுதி. பின்னர் மொய்து (நிவின் பாலி) கதையின் நடுவிடத்தைப் பிடித்துக்கொள்கிறான். தொழிலாளர் பக்கம் ஒரு மகன், எதிரணியோடு திரியும் ஊதாரியாய் மற்றொரு மகன் என்னும் அமைப்பில், ஒப்பந்த முறையின் குற்றம் சிறிது சிறிதாக ஒரு பிள்ளையின் ஒழுக்கக்கேடாக மாறிவிடுகிறது. தாயின் துயரைக் காண்கிறோம். அத்துயரை உண்டாக்கிய கூலிக் கணக்கைக் காண்பதில்லை. இக்குறையைத் தமிழாக்கம் மேலும் பெரிதாக்கக் கூடாது என்பதே தொழிற்சொற்களை வற்புறுத்துவதன் காரணம்.

அந்தரத்தில் நின்ற குடும்பம்

மும்பைப் பஞ்சாலைத் தொழிலாளர் வேலைநிறுத்தம் 1982 ஜனவரி 18 அன்று தத்தா சாமந்த் தலைமையில் தொடங்கியது. ஏறத்தாழ இரண்டரை இலட்சம் தொழிலாளர் பங்கேற்றனர். முறையாக முடித்துவைக்கப்படாமலே அது தேய்ந்து போயிற்று. பல ஆலைகள் மீண்டும் முழுமையாக இயங்கவில்லை. 1991இல் வந்த நகர வளர்ச்சி விதிகள் ஆலை நிலங்களைப் பிற பயன்பாட்டுக்குத் திறந்துவிட்டன. ஃபீனிக்ஸ் ஆலை வளாகம் பேரங்காடியாயிற்று. சாமந்த் 1997 ஜனவரி 16 அன்று சுட்டுக் கொல்லப்பட்டார். அதே காலப்பகுதியில் ஜயந்த் பவார் எழுதிய 'அதாந்தர்' என்னும் நாடகத்தைத் தழுவியே 'லால்பாக் பரள்' உருவாயிற்று.

'அதாந்தர்' என்னும் மராத்திச் சொல் பற்றுக்கோடின்றி இடைவெளியில் தொங்கும் நிலையைக் குறிக்கும். தமிழ் மொழிபெயர்ப்பாளருக்கு இஃது அரிய வாய்ப்பு. 'அந்தரத்தில் விட்டுவிட்டான்' என்பது நம் அன்றாட வழக்கு. ஈழத் தமிழிலோ 'அந்தரம்', 'அந்தரப்படுதல்' என்பன பதற்றத்தையும் தவிப்பையும் குறிக்கின்றன. நின்றும் விடாமல் வென்றும் விடாமல் நீண்ட ஒரு வேலைநிறுத்தத்தில் சிக்கிய குடும்பத்துக்கு இவ்விரு பொருளும் பொருந்துகின்றன.

படத்தின் முழுப்பெயரில் 'ஜாலி மும்பை சோன்யாச்சி' என்னும் தொடர் உண்டு. 'மும்பை பொன்னாயிற்று' என்பது அதன் பொருள். இந்திப் பதிப்போ 'சிட்டி ஆஃப் கோல்ட்' என ஆங்கிலப் பெயர் பூண்டது. மராத்தித் தொடரில் வினைமுற்று உள்ளது. ஆங்கிலப் பெயரில் வினையே இல்லை. 'பொன்னகரம்' என்பது ஒரு நிலை. 'பொன்னாயிற்று' என்பது நிகழ்ந்து முடிந்த செயல். யாருக்குப் பொன்னாயிற்று, யார் நிலத்தால் ஆயிற்று என்னும் வினாவை அவ்வினைமுற்றே எழுப்புகிறது. தமிழில் 'ஆயிற்று' என்பதற்கு 'முடிந்துபோயிற்று' என்னும் நிழலும் உண்டாதலால், மூலத்தினும் கூர்மையான தலைப்பு தமிழில் அமைய இடமிருக்கிறது.

படத்தில் வரும் துரி குடும்பத்தின் தந்தை 'அண்ணா' என்றழைக்கப் பெறுகிறார். மூத்த மகன் பெயர் 'பாபா'. தமிழ்ச் செவிக்கு 'அண்ணா' தமையன். மராத்தியில் 'பாபா' தந்தையையும் குறிக்கும் சொல். தந்தை தமையன் போலவும் தமையன் தந்தை போலவும் பெயர் கொண்டுள்ள இக்குடும்பத்தில், வேலையிழந்த தந்தை தலைமையை இழக்கிறார். மூத்தவனோ அத்தலைமையை ஏற்கும் வலுவற்றவன், எழுத்தாளனாகும் கனவில் இருப்பவன். மராத்தியில் இப்பெயர்கள் இயல்பானவை; ஆசிரியர் கருதியே வைத்தார் எனச் சாதிக்க வேண்டியதில்லை. தமிழகத்திலும் கூட்டுக்குடும்பங்கள் சிலவற்றில் தந்தையை 'அண்ணா' என்றழைக்கும் வழக்கம் இருந்ததுண்டு. ஆதலால் இப்பெயர்களை மாற்றாது விட்டு, தொடக்கத்தில் ஓரிடத்தில் மட்டும் உறவு விளங்குமாறு உரையாடலை அமைத்தால் போதும். 'ஆயி' என்னும் தாயாக நடித்த சீமா பிஸ்வாஸின் குரலைத் தமிழாக்குவோர் கவனிக்க வேண்டியது வேறொன்று: அவள் பேச்சு புலம்பலாக அமைந்தது அன்று, கணக்குப் பார்க்கும் பேச்சு. தமிழ்த்திரைத் தாயின் பழகிய ஒப்பாரித் தொனியை அதன் மேல் ஏற்றலாகாது.

மில், சங்கு, லயன்

மும்பையின் ஆலைப்பகுதி 'கிரண்காவ்' எனப்படும். 'கிரணி' ஆலை, 'காவ்' ஊர். கிரணி என்பது மராத்தியில் மாவரைக்கும் இயந்திரக் கடையையும் குறிக்கும். தமிழ் எழுத்து வழக்கில் 'ஆலை', 'பஞ்சாலை', 'நூற்பாலை' என்கிறோம். ஆலை என்னும் சொல் கரும்பாலையாகப் பழைய இலக்கியத்திலேயே வருவது. ஆனால் கோவையிலோ மதுரையிலோ தொழிலாளி 'மில்லுக்குப் போனேன்' என்றுதான் கூறுவார். மாவரைப்பதும் 'மாவு மில்'தான். எனவே கிரணியின் இருபொருளையும் தாங்கும் தமிழ்ச்சொல் 'ஆலை' அன்று, 'மில்'. தூய்மை கருதி 'ஆலை' என எழுதும் வசனம் தொழிலாளியின் வாயிலிருந்து சொல்லைப் பிடுங்கி மேடைப் பேச்சாளர் கையில் தருகிறது. ஆய்வுரையில் ஆலை பொருந்தும். உரையாடலில் மில்லே பொருந்தும்.

கிரண்காவின் நேரத்தைக் கட்டியாண்டது 'போங்கா' என்னும் ஊதொலி. இதற்குத் தமிழில் 'சங்கு' என்று அருமையான சொல் உண்டு. பஞ்சாலை ஊர்களில் 'முதல் சங்கு ஊதியாயிற்று' என்பதே கடிகாரம். பாரதிதாசன் ஆலைச் சங்கை விளித்து, கணவன் வரவை எதிர்நோக்கும் மனைவியின் கூற்றாகப் பாடியிருப்பது பலரும் அறிந்ததே. இச்சொல்லுக்கு மற்றொரு முகமும் உண்டு. இறப்பு வீட்டில் ஊதுவதும் சங்கு. 'சங்கு ஊதிவிட்டார்கள்' என்றால் கதை முடிந்தது என்று பொருள். மராத்திச் சொல்லுக்கு இப்பொருள் இல்லை. மூடிய ஆலையைப் பற்றிய உரையாடலில் இச்சொல்லைப் பயன்படுத்தும்போது தமிழ் மூலத்தைக் கடந்து பேசிவிடும். இவ்வாறு கூடுதலாக வரும் பொருளை மொழிபெயர்ப்பாளர் ஏற்கலாமா என ஐயுறுவோர் உளர். ஊதொலிக்குத் தமிழ்த் தொழிலாளர் தாமே வைத்த பெயர் அதுவாதலின், ஏற்பதே முறை எனலாம்.

குடியிருப்பைக் குறிக்கும் 'சாள்' என்பதற்கு 'ஒண்டுக்குடித்தனம்' எனப் பலரும் எழுதுவர். அச்சொல் திருவல்லிக்கேணியின் நடுத்தரக் குடும்பங்களை நினைவூட்டுவது. ஆலை முதலாளியோ தோட்ட முதலாளியோ கட்டிய வரிசை வீட்டுக்கு 'லயன்' என்பது தமிழகத்திலும் மலையகத்திலும் வழங்குகிறது. ஆயினும் மாடிகள் அடுக்கிய மும்பைச் சாளுக்கு இது முற்றும் ஒவ்வாது. இங்கு 'சாள்' என்றே விடுதல் நன்று.

வீட்டுச் சமையலும் கிரண்காவில் தொழிலாக இருந்தமை பற்றி ஒன்று கூறவேண்டும். கொங்கணக் கரையிலிருந்து தனியராய் வந்த ஆண்களுக்குச் சோறிட்ட பெண்கள் நடத்தியவை 'கானாவள்'கள். அப்பெண்களைக் கொண்டு 1975இல் பிரேமா புராவ் தொடங்கிய அன்னபூர்ணா மகிளா மண்டல் பரவலாக அறியப்பட்டது. ஆலை நின்றபோது இவர்களின் அடுப்பும் நின்றது. நீரா அடார்கரும் மீனா மேனனும் தொழிலாளரின் வாய்மொழிகளைத் தொகுத்து 2004இல் வெளியிட்ட நூலில் பெண்களின் இத்தகைய குரலும் இடம்பெற்றுள்ளது. 'லால்பாக் பரள்' கதைப்போக்கில் கானாவள் மையம் பெறவில்லை; பிள்ளைகளின் வன்முறைக்கும் சூதாட்டத்துக்கும் அளிக்கப்பெற்ற நீளம் இதற்கு அளிக்கப்பெறவில்லை. வணிகத் திரைப்படத்தின் நெருக்கடி இதற்குக் காரணமாகலாம். எனினும் 'சமையலறை' என்னும் தமிழ்ச்சொல்லை இடும்போது, அஃது உழைப்புக்களமாகவும் இருந்த அறை என்பதை மொழிபெயர்ப்பாளரேனும் அறிந்திருத்தல் வேண்டும்.

இங்கிலாந்துப் படங்களான 'பிராஸ்ட் ஆஃப்' (1996), 'தி ஃபுல் மான்ட்டி' (1997) ஆகியன சுரங்கமும் எஃகாலையும் மூடிய ஊர்களைக் காட்டுவன. அவற்றில் வேலையிழந்த ஆண்கள் இசைக்குழுவாகவும் மேடைக் கேலியாகவும் ஒன்றுகூடித் தம் மானத்தை மீட்கின்றனர். நம் படங்களில் அவ்வாறு கூடும் இடம் இல்லை. கூட்டம் சிதறிக் குடும்பத்துக்குள் ஒடுங்குகிறது. ஆதலால்தான் வீட்டில் எஞ்சும் சொல்லுக்கு இத்துணை எடை. மும்பையில் மில் மூடிப் பல்லாண்டு கழித்தும் ஒருவர் 'கிரணி காம்கார்' ஆகவே எண்ணப் பெறுகிறார். 2012இல் மகாராஷ்டிர வீட்டுவசதி வாரியம் ஆலைத் தொழிலாளர்க்கும் அவர் வழியினர்க்கும் குலுக்கல் முறையில் வீடு ஒதுக்கியபோது அத்தொழிற்பெயரே உரிமைச்சீட்டாயிற்று.

தமிழ்த்திரையின் மௌனம்

சென்னைப் பெரம்பூரின் பக்கிங்காம்-கர்நாடிக் ஆலை தமிழகத் தொழிலாளர் வரலாற்றின் நடுவிடம். 1918இல் சென்னைத் தொழிலாளர் சங்கம் அதன் தொழிலாளரைக் கொண்டே எழுந்தது, திரு.வி.க. அச்சங்கத்தில் பங்கு கொண்டார். 1921 வேலைநிறுத்தம் மாதக்கணக்கில் நீண்டு, புளியந்தோப்புக் கலவரத்தோடு பிணைந்தது. 1996இல் ஆலை மூடப்பட்டது. அதன் பின் அவ்வளாகம் திரைப்படப் படப்பிடிப்புத் தளமாயிற்று. எண்ணற்ற சண்டைக்காட்சிகளின் பின்புலமாக அதன் சுவர்களைத் தமிழ் மக்கள் கண்டுள்ளனர். ஆனால் அங்கு வேலை பார்த்துப் பின் வேலையிழந்த குடும்பங்களைப் பொருளாகக் கொண்டு, 'லால்பாக் பரள்' போன்று நேர்நின்று பேசும் தமிழ்ப்படம் ஒன்று குறிப்பிடத்தக்க அளவில் எழவில்லை. பா. இரஞ்சித்தின் 'மெட்ராஸ்' (2014), 'சார்பட்டா பரம்பரை' (2021) ஆகியவற்றில் வடசென்னை உழைப்பாளர் வாழ்வு செறிவாக உள்ளது. ஆலைச் சரிவு அவற்றின் பொருள் அன்று. மலையாளியான பிரியதர்சன் இயக்கிய 'காஞ்சிவரம்' பட்டு நெசவாளியின் வறுமையைக் காட்டுகிறது. அஃது இழப்புக்குப் பிந்தைய கதை அன்று. என்றும் கிட்டாத ஒன்றன் கதை. புதினம் இவ்வகையில் முந்திக்கொண்டது. ரகுநாதனின் 'பஞ்சும் பசியும்' 1953லேயே நூல் கிட்டாது நலிந்த நெசவாளர் குடும்பங்களை எழுதியது.

தமிழில் மூலப்படம் இன்மையால், இவ்வகை வாழ்வுக்குரிய திரைமொழி தமிழில் முதலில் மொழிபெயர்ப்பின் வழியே அமைய வேண்டியுள்ளது. பெரம்பூரிலும் கோவை சிங்காநல்லூரிலும் மில்லில் வேலை பார்த்த முதியோர் இன்னும் உள்ளனர். சங்கு, ஷிப்டு, டோக்கன், மஸ்தூர், பதிலி ஆள் என அவர்கள் வழங்கிய சொற்கள் அகராதிகளில் ஒன்றிரண்டே ஏறியுள்ளன. ஏறியவையும் பொருள் வேறுபாடின்றிக் கிடக்கின்றன. 'பதிலி' என்பது பெயரளவில் மாற்றாள். ஆண்டுக்கணக்கில் மில் வாயிலில் காத்திருந்து, வராதவன் இடத்தில் அன்றைக்கு மட்டும் உள்ளே செல்பவன். மட்டாஞ்சேரியில் சாப்பாவுக்குக் காத்து நின்றவனுக்குத் தமிழகத்தில் உடன்பிறந்தவன் அவனே. இச்சொற்களைக் களத்தில் சென்று தொகுக்கும் பணியைப் பல்கலைக்கழக மொழியியல் துறைகள் திரைத்துறையின் துணையோடு இப்போதே மேற்கொள்ள இயலும்.